சில்லில் சுற்றியிருந்த முடி

கிண்ணியாவில் ஒரு வீட்டின் முன் அறையில் என்னைக் கதிரையில் இருத்தி, பிளேன்ரீ தந்து, நான் அதைக் குடித்து முடிக்கும்வரை அந்தப் பெண் பொறுத்திருந்தாள். பிறகு அலுமாரியைத் திறந்து மடித்த தாள் ஒன்றை எடுத்து வந்தாள். பிள்ளையின் கொப்பியிலிருந்து கிழித்த கோட்டுத் தாள். அதை விரித்து என் மடியில் வைத்தாள். உள்ளே ஒரேயொரு முடி இருந்தது. ஒரு முழ நீளம் இருக்கும். சோளப் பொத்தியின் நுனியில் தொங்கும் நாரின் நிறம். எங்கள் பக்கத்துத் தலைகளில் அந்த நிறம் முளைப்பதில்லை.

“மகள்ட ஸ்கூட்டர் சில்லுல சுத்திக் கிடந்திச்சு, அன்ரி” என்றாள். “நீங்க அவர் இருக்கிற இடத்துக்குப் பக்கத்திலதானே மூணு மாசம் இருந்தீங்க. அல்லாவுக்காக உண்மையச் சொல்லுங்க. அவருக்கு அங்க வேற பொஞ்சாதி, பிள்ளை இருக்கா?”

அவளுடைய கணவர் லண்டனில் இருக்கிறார். விசா அலுவல் முடியாததால் நான்கு வருடமாக ஊருக்கு வரமுடியவில்லை. அவர் தன் மகளுக்காகக் காலால் உந்தி ஓட்டுகிற ஸ்கூட்டர் ஒன்றை வாங்கி, ஊருக்குத் திரும்பிய என்னிடம் கொடுத்துவிட்டிருந்தார். அதை நான் கொண்டுவந்து கொடுத்து மூன்று வாரமாகியிருந்தது. அந்த மூன்று வாரமும் அவள் அவரோடு கதைக்கவில்லை. அவர் தொலைபேசி எடுத்தால் பிள்ளையிடம் கொடுத்துவிட்டு எழும்பிப் போய்விடுவாளாம்.

அவருக்கு வேறு குடும்பம் இல்லை என்பது எனக்குத் தெரியும். அந்த முடி எப்படிச் சில்லில் சுற்றியது என்பதும் எனக்குத் தெரியும். அது தெரிந்த ஒரே ஆள் நான்தான். சொன்னால் அவளுடைய குடும்பம் தப்பும், என் மானம் போய்விடும். வெறும் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு, குடிக்க இன்னும் ஏதோ மிச்சம் இருப்பதுபோல அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

நான் முப்பத்தொரு வருடம் தபால் கந்தோரில் பார்சல் மேசையில் இருந்தவள். வருகிறவர்களிடம் நான் கேட்ட கேள்வி ஒன்றுதான்: உள்ளே என்ன? உடுப்பு என்பார்கள், கருவாடு மணக்கும். புத்தகம் என்பார்கள், மூலையில் தேன் கசியும். ஒருமுறை இலங்கைத்துறையிலிருந்து வந்த ஒரு மனிதர், கொழும்பில் இருக்கும் தங்கைக்குச் சாமிப் படம் அனுப்புவதாகச் சத்தியம் செய்தார். படம்தான், பொய்யில்லை. ஆனால் படத்துக்கும் பின்பக்கத் தட்டிக்கும் நடுவில் கூனி இறாலைப் பரவி வைத்து ஒட்டியிருந்தார். அன்றிலிருந்து சாமியையும் குலுக்கிப் பார்க்காமல் நான் முத்திரை குத்தியதில்லை.

தொழில் போதாதென்று எங்கள் ஊரும் சேர்ந்து என்னை இப்படி ஆக்கிவிட்டது. எத்தனை வருடம் பஸ்ஸிலிருந்து இறங்கி, மரக்கறிப் பையையும் கவிழ்த்துக் காட்டிவிட்டு மறுபடி ஏறியிருக்கிறோம். சண்டை முடிந்த பிறகும் சீருடையைக் கண்டால் என் கை தானாகக் கைப்பையின் சிப்பைத் திறக்கும். என் வீட்டு யன்னலில் நின்றால் உட்துறைமுகம் தெரியும். புதிதாக ஒரு கப்பல் வந்து நின்றால், அது எதற்கு வந்தது என்று எங்கள் ஒழுங்கையில் ஒரு வாரம் கதை நடக்கும். சீமெந்து ஏற்ற வந்தது என்று துறைமுகத்தில் வேலை செய்பவரே வந்து சொன்னாலும் ஒருவரும் நம்பமாட்டோம். இவருக்கு அப்படிச் சொல்லச் சொல்லி உத்தரவு வந்திருக்கிறது என்றுதான் நினைப்போம்.

இப்படிப்பட்ட நான், மகளின் பிள்ளைப்பேற்றுக்காக லண்டன் போய் மூன்று மாதம் இருந்தேன். மகளின் வீட்டுச் சந்தியில் ஒரு மரக்கறிக் கடை. நான் முருங்கைக்காயை முறித்துப் பார்த்து முணுமுணுத்ததைக் கேட்டுவிட்டு, கல்லாவில் நின்ற தம்பி சிரித்தார். முப்பத்தைந்து வயதிருக்கும்.

“அன்ரி, நீங்க திருகோணமலையா? கதையிலயே தெரியுது. நான் கிண்ணியா.”

அன்றிலிருந்து நான் போகும்போதெல்லாம் என் பைக்குள் ஒரு பிடி கறிவேப்பிலை சும்மா விழும். ஒருநாள் இரண்டு ஈரப்பலாக்காய். அந்த ஊரில் கறிவேப்பிலை என்ன விலை என்று தெரிந்தவர்களுக்கு, அதை ஒருவர் சும்மா தருவது எவ்வளவு பெரிய சங்கதி என்று புரியும். எனக்கும் புரிந்தது. ஆனால் சந்தோஷப்படுவதற்குப் பதிலாக, இவர் என்னத்துக்கு இவ்வளவு இரக்கம் காட்டுகிறார் என்று யோசித்தேன். நான் ஊருக்குத் திரும்ப ஒரு கிழமை இருக்கும்போது விடை கிடைத்தது. ஒரு பெரிய பெட்டியோடு மகளின் வீட்டு வாசலில் வந்து நின்றார்.

“மகளுக்கு ஒரு ஸ்கூட்டர், அன்ரி. மோட்டர் இல்ல, காலால தள்ளி ஓடுறது. நான் வரக்குள்ள அவவுக்கு நாலு வயசு. இப்ப எட்டு. ஏலுமெண்டா கொண்டு போய்க் குடுங்க. ஏலாதெண்டா சொல்லுங்க, குறை நினைக்க மாட்டன்.”

ஊருக்குப் போகிறவரிடம் சாமான் கொடுத்துவிடுவது எங்களிடம் உள்ள பழக்கம். இந்தப் பழக்கத்தில் எழுதாத சட்டம் இரண்டு உண்டு. ஏலாது என்று சொல்லக் கூடாது. வாங்கினால் திறந்து பார்க்கக் கூடாது. ஒட்டியது ஒட்டியபடியே போய்ச் சேரவேண்டும். மற்றவர்களுக்கு அது மரியாதை. பார்சல் மேசையில் இருந்தவளுக்கு அது பெரிய தண்டனை. ஓம் என்று சொல்லிப் பெட்டியை வாங்கினேன். தூக்கிய உடனேயே உள்ளே ‘கிணுக்’ என்று ஒரு சத்தம் கேட்டது.

அந்தச் சத்தம் இரண்டு நாள் என்னை நித்திரை கொள்ளவிடவில்லை. பெட்டியின் மேல் ஸ்கூட்டரின் படம் இருந்தது. நிமிர்ந்த கைபிடிக் குழாய், உள்ளே வெறுங்கூடு. அதற்குள் என்னவெல்லாம் அடைக்கலாம்? விமான நிலையத்தில் பிடிபட்டால் நானல்லவா கம்பி எண்ண வேண்டும்? போதாததற்குப் படத்தில் சில்லுகள் பச்சையும் சிவப்புமாக மின்னின. பெட்டியில் எழுதியிருந்ததை மருமகனைக் கொண்டு வாசிப்பித்தேன். பற்றரி தேவையில்லை என்று போட்டிருந்தது.

“பற்றரி இல்லாமல் எப்பிடித் தம்பி வெளிச்சம் வரும்?”

“சில்லுக்குள்ள காந்தம் இருக்கு மாமி. சுத்தினா தானா கரண்ட் வரும்.”

கேட்டவுடனேயே இவ்வளவு சுத்தமாக விடை வந்தது எனக்குப் பிடிக்கவில்லை. மகளும் மருமகனும் பிள்ளைக்கு ஊசி போடப் போயிருந்த நேரம் பார்த்து, பெட்டியைக் குசினி மேசையில் ஏற்றி, தக்காளி வெட்டுகிற கத்தியால் மேலே ஒட்டியிருந்த நாடாவை அறுத்தேன். கத்தி வழுக்கி உள்ளே போனது. ஸ்கூட்டரின் கால் வைக்கிற பலகையில் ஒரு சாண் நீளத்துக்கு வெள்ளைக் கோடு விழுந்தது. தொடங்கிய வேலையை நிறுத்த மனமில்லை. பெட்டிக்குள்ளேயே ஆணி கழற்றுகிற வளைந்த சிறிய திறப்பு ஒன்று இருந்தது. அதைக் கொண்டு குழாயைக் கழற்றினேன். உள்ளேயிருந்து ஒரு குட்டிச் சுருளும் ஒரு பித்தளைக் குமிழும் பாய்ந்து குளிர்சாதனப் பெட்டிக்கு அடியில் ஓடின. கைபிடியின் உயரத்தைக் கூட்டிக் குறைக்கிற பூட்டாம். ‘கிணுக்’ என்றது அதுதான். குழாய்க்குள் வேறொன்றும் இல்லை.

ஒன்றும் இல்லையென்றால் நிம்மதி வரவேண்டும். எனக்கு வந்ததோ, அப்படியானால் எங்கே வைத்திருக்கிறார் என்ற கேள்வி. கைபிடிகளில் இறுக்கமாக மாட்டியிருந்த றப்பர் இரண்டையும் சவர்க்காரத் தண்ணீர் விட்டு முறுக்கி இழுத்தேன். ஒன்று கழன்றது. மற்றது ஓரத்தில் கிழிந்து கழன்றது. அங்கும் ஒன்றும் இல்லை. மகள் வந்து குசினியைப் பார்த்துவிட்டு வாசலிலேயே நின்றுவிட்டாள்.

“அம்மா, இது ஆற்றையோ பிள்ளைக்கு வாங்கின சாமான். என்ன செய்து வச்சிருக்கிறீங்கள்?”

மருமகன் முழங்காலில் நின்று குமிழைத் தேடி எடுத்துப் பூட்டித் தந்தார். ஆனால் ஸ்கூட்டரை அசையாமல் பிடித்திருந்த, அச்சுப்போல வார்த்த வெள்ளைத் தக்கை உடைந்துபோயிருந்தது. பெட்டியும் கிழிந்திருந்தது. மறுநாள் குப்பை எடுக்கிற லொறியில் இரண்டும் போயின. ஸ்கூட்டரை மடக்கி, பூப்போட்ட பழைய படுக்கை விரிப்பில் சுற்றி, நைலோன் கயிற்றால் கட்டினேன். அந்தத் தம்பியிடம் இதைச் சொல்லவில்லை. சொல்லியிருக்க வேண்டும். கடைக்குப் போகாமல், கறிவேப்பிலை வாங்க மகளை அனுப்பிவிட்டு வீட்டிலேயே இருந்துகொண்டேன்.

விமான நிலையத்தில் பொதிகளை எடை பார்த்த பெண், இதற்குப் பற்றரி இருக்கிறதா என்றுதான் முதலில் கேட்டாள். பற்றரி உள்ளதென்றால் ஏற்றமாட்டார்களாம். இல்லை என்றேன். அவள் விரிப்பின் ஓரத்தை விலக்கி ஒரு சில்லை விரலால் தட்டிவிட்டாள். அது சுழன்று பச்சையாக மின்னியது. என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

“காந்தம்” என்றேன், மருமகனின் குரலிலேயே. பக்கத்தில் நின்ற மகள் ஆங்கிலத்தில் விளக்கினாள். இதை நீங்களேதானா கட்டினீர்கள், வேறு யாராவது தந்தார்களா என்று அடுத்த கேள்வி வந்தது. நானேதான் கட்டினேன் என்று நெஞ்சை நிமிர்த்திச் சொன்னேன். அக்குவேறு ஆணிவேறாகக் கழற்றிப் பார்த்துவிட்டல்லவா கட்டியிருந்தேன். திறந்து பார்த்தது நல்லதுதான் என்று அந்த ஒரு நிமிடம் எனக்குத் தோன்றியது.

கீழே போகிற பொதிகளோடு அதைப் போடச் சொன்னார்கள். நான் மறுத்துவிட்டேன். என் கண்ணுக்கு மறைவாகப் போனால் இடையில் யாராவது எதையாவது செருகிவிட்டால்? அளந்து பார்த்துவிட்டுக் கைப்பொதியாகக் கொண்டுபோக விட்டார்கள். அடுத்த சோதனையில் ஒருவர் கைபிடி றப்பரைச் சின்னத் துணியொன்றால் துடைத்து இயந்திரத்தில் வைத்தார். விடை வர அரை நிமிடம் எடுத்தது. என் சவர்க்காரம் மணத்திருக்கும், வேறொன்றும் இல்லை. போகச் சொன்னார்.

இனி வருவதைத்தான் நான் ஒருவருக்கும் சொன்னதில்லை. இடையில் விமானம் மாறவேண்டிய வளைகுடா ஊரில், அடுத்த வாசல் எங்கோ ஒரு கோடியில் இருந்தது. விடிந்து நல்ல வெளிச்சம் வந்துவிட்ட நேரம். என் முழங்கால்கள் இரண்டும் விமானத்திலேயே இறுகிவிட்டன. தோளில் பை, கையில் ஸ்கூட்டர். நடந்தேன், நின்றேன், மறுபடி நடந்தேன். பிறகு விரிப்பை அவிழ்த்துப் பைக்குள் திணித்து, ஸ்கூட்டரை விரித்து, பையைக் கைபிடியில் மாட்டித் தள்ளிக்கொண்டு போனேன். அது வழுவழுவென்று ஓடியது. பாரம் போய்விட்டது. ஒரு காலை ஏற்றி வைத்துப் பார்த்தால் என்ன என்று நினைத்தேன்.

முதலில் சுற்றிப் பார்த்தேன். எங்கள் ஊர் ஆட்கள் எங்கும் இருப்பார்கள். எவருடைய முகத்திலும் திருகோணமலை தெரியவில்லை. சேலையைச் சற்றுத் தூக்கி இடுப்பில் செருகி, சப்பாத்துக் காலைப் பலகையில் வைத்து, மற்றக் காலால் ஒரு உந்து உந்தினேன். ஐயோ, அந்தச் சுகம்! அறுபத்து மூன்று வயதில், இரண்டு பக்கமும் வாசனைத் திரவியக் கடைகள் பின்னால் போக, கீழே பச்சையும் சிவப்பும் மின்ன, கொடுப்புக்குள் சிரித்துக்கொண்டு போனேன். சுவரோரம் நிலத்தில் உட்கார்ந்து தலை சீவிக்கொண்டிருந்த வெள்ளைக்காரப் பெட்டைகள் இரண்டு பேர் கைதட்டினார்கள். அவர்களைச் சுற்றி ஒருதரம் வளைந்துகூடக் காட்டினேன். வாசல் வந்த பிறகும் நிறுத்த மனமில்லாமல் திரும்பி இன்னொரு தடவை போய்வந்தேன். விமானம் ஏற இரண்டு மணித்தியாலம் இருந்தது, அதில் முக்கால்வாசி ஓடித்தான் கழித்தேன்.

கட்டுநாயக்காவில் சுங்கத்தில் யாருக்கு என்று கேட்டார்கள். பேரப்பிள்ளைக்கு என்றேன். அந்தப் பேரப்பிள்ளை பிறந்து மூன்று மாதம், அதுவும் லண்டனில். பொய் சொன்ன பயத்தில் திருகோணமலை பஸ்ஸில் ஏறும்வரை திரும்பிப் பார்க்காமல் நடந்தேன். வீட்டில் ஈரத்துணியால் சில்லைத் துடைத்தேன். பலகையின் கோடு போகவில்லை, றப்பர்ச் சில்லுகளும் மங்கித்தான் இருந்தன. முடியை நான் காணவில்லை. அச்சுக்குள் சுற்றியிருந்திருக்கிறது. மறுநாள் பாலம் கடந்து கிண்ணியாவுக்குப் போய், படலையிலேயே நின்று, “உங்கட மனுசன் தந்து விட்டவர்” என்று கொடுத்துவிட்டு, பஸ் போய்விடும் என்று சாட்டுச் சொல்லி ஓடிவந்தேன். பெட்டி எங்கே என்று கேட்டால் எல்லாவற்றையும் சொல்லவேண்டி வரும். அதனால்தான் அந்த ஓட்டம்.

மூன்று வாரம் கழித்து, ஒருக்கா வந்திட்டுப் போக ஏலுமா என்று அவள் தொலைபேசியில் கேட்டபோது எனக்கு ஒரேயொரு எண்ணம்தான் வந்தது. ஏதோ குறைகிறது என்று என்மேல் பழி போடப் போகிறாள். பஸ்ஸில் வழி முழுக்க வாதத்தை அடுக்கிக்கொண்டு போனேன். போய் உட்கார்ந்தால் என் மடியில் ஒரு முடி.

“புதுசெண்டுதான் மகளிட்டச் சொல்றார்” என்றாள் அவள். தைத்துக்கொண்டிருந்த துணி மெஷினில் பாதியில் நின்றது. “பெட்டியோட குடுத்தனாம். எங்க பெட்டி? பலகையில கீறல், கைபிடி கிழிஞ்சிருக்கு, சில்லு தேஞ்சிருக்கு. ஆரோ ஒரு பிள்ளை ஓடி முடிச்சது, அன்ரி. அங்க ஒரு பிள்ளைக்குப் போதுமெண்டு ஆன பிறகு என்ட பிள்ளைக்கு அனுப்பியிருக்கிறார். அந்தப் பிள்ளைட உம்மாட முடிதானே இது?”

அவள் சத்தம் போடவில்லை. அழவுமில்லை. மூன்று வாரமாக இதையே தனக்குள் சொல்லிச் சொல்லிக் களைத்துப்போயிருந்தாள். அவள் அடுக்கிய அத்தனை சாட்சியும் நான் உண்டாக்கியவை.

“இல்லப் பிள்ளை. அதெல்லாம் நான் செய்த வேலை” என்றேன். கத்தி, குழாய், றப்பர், லொறியில் போன பெட்டி என்று ஒன்றையும் ஒளிக்காமல் சொன்னேன். விமான நிலையத்தில் ஓடியதையும், தலை சீவிக்கொண்டிருந்த பெட்டைகளையும் சொன்னேன்.

அவள் தாளை மடித்தாள்.

“அவர்தானே உங்களுக்கு இதைச் சொல்லித் தந்தவர்? இந்த வயசில நீங்க சாறியோட ஸ்கூட்டர் ஓடினீங்களா? என்னைப் பேய்க்காட்டாதீங்க, அன்ரி.”

என் வாழ்க்கையிலே நான் முழு உண்மை சொன்ன அந்த ஒரு நாளில் என்னை நம்ப ஆள் இல்லை. கோபம் வந்தது. அவள்மேல் இல்லை, என்மேல்தான். அந்தக் கோபத்தில் எழும்பி, சுவரில் சாத்தியிருந்த ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு படலையைத் திறந்து ஒழுங்கைக்கு இறங்கினேன். சேலையைத் தூக்கிச் செருகினேன். சீமெந்து போட்ட ஒழுங்கை. எதிர் வீட்டில் ஒருவர் சைக்கிள் துடைத்துக்கொண்டிருந்தார். பார்த்தால் பார்க்கட்டும் என்று உந்தினேன்.

முதல் உந்தில் தடுமாறினேன். இரண்டாவதில் பிடிபட்டது. ஒழுங்கை முடியும்வரை போய், மதிலோடு வளைந்து திரும்பினேன். சைக்கிள் துடைத்தவர் துணியோடு நிமிர்ந்து நின்றார். இரண்டு வீட்டு யன்னல்கள் திறந்தன. நான் திரும்பி வருகிற நேரம் பார்த்து, குர்ஆன் ஓதிவிட்டு வந்த பிள்ளைகளின் கூட்டத்திலிருந்து ஒரு சின்னப் பெண் பையைப் போட்டுவிட்டுப் பாய்ந்தாள்.

“உம்மா! ஆரோ என்ட ஸ்கூட்டரக் கொண்டு போறா!”

படலையில் நின்ற தாய்க்கு முதலில் சிரிப்பு வந்தது. வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அப்படியே படலைக் கட்டையைப் பிடித்துக்கொண்டு நிலத்தில் குந்தி அழத் தொடங்கினாள். முழங்கையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, தோள் குலுங்க அழுதாள். பிள்ளை என்னிடமிருந்து ஸ்கூட்டரைப் பறித்துக்கொண்டு, தாயையும் என்னையும் மாறிமாறிப் பார்த்தாள். நான் மூச்சு வாங்கிக்கொண்டு நின்றேன். இனி வீட்டுக்குப் போய்விடலாம் என்று நினைத்தேன். ஆனால் உள்ளே வந்து இருந்ததும் அவள் முகத்தைத் துடைத்துவிட்டு ஒரு கேள்வி கேட்டாள்.

“அவர் எங்கட ஆள் எண்டபடியாலா அப்பிடி நினைச்சீங்க? உங்கட ஆக்கள்ல ஒருத்தர் தந்திருந்தா பெட்டிய வெட்டியிருப்பீங்களா?”

அப்படியில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லியிருந்தால் அன்றைய மிச்சமெல்லாம் பொய்யாகிப் போயிருக்கும்.

“பெட்டிய வெட்டியிருப்பன், பிள்ளை. ஆர் தந்தாலும் வெட்டுவன்” என்றேன். “ஆனால் கைபிடி றப்பரைக் கழட்டியிருக்க மாட்டன்.”

அவள் தலையை ஆட்டினாள். கோபித்துக்கொள்ளவில்லை. எதிர்பார்த்த ஒன்று கிடைத்ததுபோல ஆட்டினாள். எனக்கு அதுதான் வலித்தது. பிறகு கைத்தொலைபேசியை எடுத்து, மூன்று வாரத்தில் முதல் தடவையாகத் தானாகவே கணவரைக் கூப்பிட்டாள். திரையில் அந்தத் தம்பியின் முகமும், பின்னால் மரக்கறித் தட்டுகளும் தெரிந்தன.

“அன்ரி வந்திருக்கிறா. உங்களுக்கு ஒண்டு சொல்லணுமாம்” என்று சொல்லி என் கையில் தந்துவிட்டாள்.

இரண்டாவது தடவை சொல்வது இன்னும் கஷ்டமாக இருந்தது. முகத்தைப் பார்க்க முடியாமல், அவருக்குப் பின்னால் இருந்த பூசணிக்காயைப் பார்த்துச் சொன்னேன். அவர் ஒரு இடத்திலும் குறுக்கிடவில்லை. கடையில் யாரோ விலை கேட்டார்கள். கையால் பொறுக்கச் சொன்னார்.

“வாங்கின பில் இன்னும் என்ட பேர்ஸுக்குள்ளதான் கிடக்கு, அன்ரி” என்றார்.

“அப்ப ஏன் தம்பி இவவுக்கு அதைக் காட்டேல்ல?”

“புதுசெண்டு காட்டினா, நீங்க வழியில மாத்திப்போட்டீங்க எண்டுதான் இவ நினைப்பா. என்ட பிள்ளைக்குச் சாமான் சுமந்து போன மனிசி நீங்க. உங்களுக்கு அந்தப் பேர் வேணாமெண்டு விட்டுட்டன். இவ இப்பிடி ஒண்ட நினைச்சுக் கோவத்தில இருக்கிறா எண்டு எனக்குத் தெரியாது.”

எனக்குச் சட்டென்று ஒன்று உறைத்தது. கேட்காமல் இருக்க முடியவில்லை.

“நீங்களும் நான் மாத்திப்போட்டன் எண்டுதானே நினைச்சனீங்கள்?”



“ஓம் அன்ரி” என்றார். “பேத்திக்கு எடுத்து வச்சிட்டீங்களாக்கும் எண்டு நினைச்சன். பரவாயில்ல எண்டும் நினைச்சன்.”

என் மகள் அந்த மூன்று வாரமும் அந்தக் கடைக்குப் போய்வந்தவள். கறிவேப்பிலை வழக்கம்போலப் பைக்குள் விழுகிறது என்று சொல்லிக்கொண்டுதான் இருந்தாள். களவெடுத்தவளின் மகள் என்று நினைத்துக்கொண்டே அவர் போட்டிருக்கிறார். நான் வெட்கப்பட்டேன். தொலைபேசியை அவளிடம் கொடுத்துவிட்டுக் கைப்பையைத் தேடினேன். அவள் அதை வாங்கிக்கொண்டு குசினிக்குள் போனாள். அங்கிருந்து மெல்லிய குரலில் கதை தொடங்கியது. வெளியே ஒழுங்கையில் பிள்ளை ஓடுகிற சத்தம் வந்து வந்து போனது.

நான் செருப்பைப் போடும்போது அவள் வெளியே வந்தாள். கண் சிவந்திருந்தது, முகம் இளகியிருந்தது. கையில் அந்தக் கோட்டுத் தாள், முன்னைவிடச் சின்னதாக மடித்திருந்தாள்.

“இது உங்கட சாமான், அன்ரி” என்று நீட்டினாள்.

உள்ளே என்ன என்று திறந்து பார்க்காமல் நான் வாங்கிப் பையில் வைத்த முதல் பார்சல் அதுதான்.